மெசியர் பட்டியலில் எது கொத்து, எது கேலக்ஸி?

கார்த்திகைக்கு வானியலாளர்கள் இட்ட எண் எம்45. பூசத்தில் பனிமூட்டம் போலத் தெரிகிற புள்ளிக்கூட்டம் எம்44. ஆண்ட்ரோமிடா கேலக்ஸி எம்31. இந்த ‘எம்’, 18ஆம் நூற்றாண்டில் பாரிஸில் இருந்த சார்ல் மெசியரின் பெயரிலிருந்து வந்தது. அவர் தொகுத்தவையும் பிற்காலத்தில் சிலர் சேர்த்தவையுமாக மொத்தம் 110 உருப்படிகள். புதிதாக டெலஸ்கோப் வாங்கியவர்கள் முதலில் கையில் எடுப்பது இந்தப் பட்டியலைத்தான். இரண்டு மூன்று இரவுகளில் சலித்துப்போய்க் கீழே வைப்பதும் இதைத்தான்.

சலிப்புக்குக் காரணம் பெரும்பாலும் ஒன்றுதான். எம்1, எம்2, எம்3 என்று வரிசையாகத் தேடப் போவார்கள். அந்த வரிசையில் சுலபம், கடினம் என்ற கணக்கு கிடையாது. திசைக் கணக்கும் கிடையாது. ஏறக்குறைய மெசியர் குறித்துக்கொண்டே போன வரிசை, அவ்வளவே. எம்1 ரிஷபத்தில் இருக்கிறது, எம்2 கும்பத்தில். அதிலும் எம்1 நகர வானத்தில் சின்ன டெலஸ்கோப்புக்குச் சிக்குவதே அபூர்வம். எண்ணை விட்டுவிட்டு, தேடப்போகும் பொருள் எந்த இனம் என்று முதலில் பாருங்கள். எவ்வளவு பெரிதாக்குவது, மொட்டை மாடி போதுமா, ஊருக்கு வெளியே போக வேண்டுமா என்பதெல்லாம் அதை வைத்துத்தான் முடிவாகும்.

ஏமாற்றிய திட்டுகள்

மெசியருக்கு வேலையும் பைத்தியமும் வால்மீன் தேடுவது. சூரியனை நெருங்கி வால் விடுவதற்கு முன்னால் வால்மீன் வெறும் மங்கலான உருண்டைத் திட்டாகத்தான் தெரியும். அடுத்தடுத்த இரவுகளில் நட்சத்திரங்களுக்கு நடுவே அது இடம் மாறினால் வால்மீன். மாறாவிட்டால் வேறு ஏதோ. 1758 ஆகஸ்டில் ஒரு வால்மீனைப் பின்தொடர்ந்துகொண்டிருந்தபோது, ரிஷபத்தின் கொம்பு நுனியருகே இன்னொரு திட்டு அவர் கண்ணில் பட்டது. அது நகரவே இல்லை. அதுதான் எம்1 ஆனது. ஜான் பெவிஸ் என்ற ஆங்கிலேயர் 1731லேயே அதைப் பார்த்திருந்தார். 1054ல் வெடித்த ஒரு நட்சத்திரத்தின் மிச்சம் அது என்பது வெகுகாலம் கழித்துத்தான் தெரிந்தது.

மறுபடி ஏமாறக் கூடாது என்று இப்படிப்பட்ட திட்டுகளை எல்லாம் இடம் அளந்து எழுதிவைத்தார். 1774ல் அச்சான முதல் பட்டியலில் 45 இருந்தன. 1781ல் 103 ஆயின. உடன் உழைத்த பியர் மெஷான் நிறையக் கண்டுபிடித்துக் கொடுத்தார். எம்104 முதல் எம்110 வரை உள்ளவை, பழைய குறிப்புகளைத் துழாவி 20ஆம் நூற்றாண்டில் பிறர் சேர்த்தவை.

ஆக, ரசிக்கத் தகுந்த காட்சிகளின் தொகுப்பு என்று நினைத்து இதைத் திறக்காதீர்கள். ஒரு வால்மீன்காரரை ஏமாற்றியவை இவை. உங்கள் ஐபீஸிலும் (டெலஸ்கோப்பில் கண் வைத்துப் பார்க்கும் லென்ஸ்) பெரும்பாலானவை சாம்பல் நிறத் திட்டுகளாகத்தான் வரும். டெலஸ்கோப்பில் கோளாறு எதுவும் இல்லை. மெசியர் பயன்படுத்தியவற்றில் நல்லதே சுமார் 90 மில்லிமீட்டர் லென்ஸ் கொண்டதுதான். இன்று ஆரம்பநிலையில் விற்கும் 114 அல்லது 130 மில்லிமீட்டர் டெலஸ்கோப் அவருடையதைவிட அதிக ஒளியைச் சேர்க்கும். ஒன்றே ஒன்று அவருக்குச் சாதகமாக இருந்தது: அன்றைய பாரிஸில் எல்ஈடி தெருவிளக்கு இல்லை.

பட்டியலில் ஒரு வேடிக்கையும் உண்டு. ஓரியன் நெபுலா என்ற வாயு மேகம், பூசக் கொத்து, கார்த்திகை ஆகியவற்றை வெறும் கண்ணால் பார்க்கிற எவரும் வால்மீன் என்று நினைக்க மாட்டார்கள். அப்படியும் எம்42 முதல் எம்45 வரை இவற்றை 1769 மார்ச் 4 அன்று ஒரே மூச்சில் அளந்து சேர்த்திருக்கிறார். லாகாய் என்ற வானியலாளர் தென்வானத்துக்கு வெளியிட்ட பட்டியலில் 42 இருந்தன, அதை முந்தத்தான் என்று ஒரு ஊகம் உண்டு.

மூன்று இனம்

110ல் 40 கேலக்ஸிகள், 29 உருண்டைக் கொத்துகள், 26 திறந்த கொத்துகள். மிச்சமிருக்கும் பதினைந்தும் நெபுலாக்களும் சில்லறையும். பள்ளிப் பாடநூலில் கேலக்ஸியை ‘விண்மீன் திரள்’ என்பார்கள். கொத்து, திரள் என்று அடுத்தடுத்து வந்தால் புதியவருக்குக் குழம்பும் என்பதால் இங்கே கேலக்ஸி என்றே வைத்துக்கொள்வோம்.

கறுப்புத் துணியில் ஒரு சிட்டிகை ரவையை விரலால் தூவினால் எப்படி இருக்கும், அப்படி இருக்கும் திறந்த கொத்து. ஒரே வாயு மேகத்தில் ஒரே காலத்தில் பிறந்த நட்சத்திரங்கள், சில நூறிலிருந்து சில ஆயிரம் வரை. ஒன்றையொன்று பிடித்துவைக்கும் ஈர்ப்பு போதாமல், பெரும்பாலானவை சில பத்துக் கோடி ஆண்டுகளில் கலைந்துபோகும். கார்த்திகைக்கு வயது சுமார் 10 கோடி ஆண்டுதான். தூரம் ஏறத்தாழ 440 ஒளியாண்டு. டைனோசர்கள் நடமாடிய காலத்தில் பிறந்தவை அந்த நட்சத்திரங்கள். பூசத்துக் கொத்து மூத்தது, 60 கோடி ஆண்டுக்குக் குறையாது. அதற்குப் பக்கத்திலேயே இருக்கும் எம்67 விதிவிலக்கு: சுமார் 400 கோடி ஆண்டாகியும் கலையாமல் இருக்கிறது.

அதே ரவையை ஒரு பிடி அள்ளி ஓரிடத்தில் கொட்டினால் நடுவில் கெட்டியாகவும் ஓரத்தில் சிதறலாகவும் விழும் அல்லவா? அது உருண்டைக் கொத்து. லட்சம் முதல் பத்து லட்சம் வரை நட்சத்திரங்கள் பந்து போலத் திரண்டவை. பெரும்பாலும் ஆயிரம் கோடி ஆண்டைத் தாண்டிய கிழங்கள். இவை நம் பால்வீதியின் தட்டுக்குள் அடங்காமல் மேலும் கீழும் சுற்றுகின்றன. மெசியர் இவற்றில் பலவற்றை “நட்சத்திரம் இல்லாத நெபுலா” என்றுதான் எழுதினார். அவர் லென்ஸுக்குத் தனித்தனியாகப் பிரியவில்லை. பெரிய கண்ணாடி வைத்திருந்த வில்லியம் ஹெர்ஷல் சில ஆண்டுகளிலேயே அவற்றைப் புள்ளி புள்ளியாகப் பிரித்துப் பார்த்தார்.

வானப்படத்தில் உருண்டைக் கொத்துகளை மட்டும் குறித்துப் பாருங்கள். தனுசு, விருச்சிகம் பக்கம் ஈ மொய்த்தது போல இருக்கும், எதிர்ப்பக்கத்தில் ஒன்றிரண்டுதான். ஹார்லோ ஷாப்லி 1918ல் இந்த ஒருபக்கச் சாய்வை வைத்தே, சூரியன் பால்வீதியின் மையத்தில் இல்லை, மையம் தனுசின் திசையில் வெகு தொலைவில் இருக்கிறது என்று காட்டினார். அந்தச் சாய்வை ஒரு பைனாகுலர் வைத்து நாமே பார்த்துவிடலாம்.

மூன்றாவது கேலக்ஸி. மேலே சொன்ன இரண்டும் நம் வீட்டுக்குள் இருக்கும் சாமான்கள் என்றால், இது தெருவின் மறுகோடியில் இருக்கும் இன்னொரு வீடு. எம்31 இருப்பது 25 லட்சம் ஒளியாண்டு தொலைவில். கன்னி ராசியில் கூட்டமாக இருக்கும் எம்84, எம்86, எம்87 போன்றவை 5 கோடி ஒளியாண்டுக்கும் அப்பால். எட்வின் ஹப்பிள் 1923ல் எம்31க்குள் பிரகாசம் சீராகக் கூடிக் குறையும் செஃபீட் வகை நட்சத்திரம் ஒன்றை அடையாளம் கண்டு தூரத்தைக் கணக்கிட்ட பிறகே, இவை தனி உலகங்கள் என்று எல்லாரும் ஒப்புக்கொண்டார்கள். எம்87ன் நடுவிலுள்ள கருந்துளையின் நிழல்தான் 2019ல் உலகம் பார்த்த அந்த ஆரஞ்சு வளையப் படம்.

பிரகாச எண் செய்யும் சூழ்ச்சி

ஆப்பில் எம்33 என்று தேடினால் பிரகாச எண் 5.7 என்று வரும். எம்104க்கு 8 என்று வரும். எண் குறைந்தால் பிரகாசம் கூடுதல் என்று தெரிந்தவர் எம்33தான் சுலபம் என்று கிளம்புவார், மணிக்கணக்கில் தேடுவார், கிடைக்காது. எம்104 என்னவோ புறநகர் மாடியிலிருந்தே தட்டுப்படும்.

ஒரு ஸ்பூன் நெய்யை ஒரு இட்லியில் விட்டால் மினுங்கும். அதே நெய்யை அண்டா சோற்றில் விட்டால் எங்கே போனதென்றே தெரியாது. பிரகாச எண் சொல்வது மொத்த நெய்யின் அளவை மட்டும். எம்33ன் ஒளி முழுநிலவைப் போல இரண்டு மடங்கு நீளத்துக்கு மேல் பரந்து கிடக்கிறது. எம்104ன் ஒளி நிலவின் அகலத்தில் மூன்றில் ஒரு பங்கு கூட இல்லாத இடத்தில் குவிந்திருக்கிறது. அதனால் கேலக்ஸி தேடும்போது பிரகாச எண்ணோடு பரப்பளவையும் சேர்த்துப் பாருங்கள். எம்33, எம்74, எம்101 மூன்றையும் ஊருக்குள்ளிருந்து தேடி நேரத்தை வீணாக்க வேண்டாம். நிலவில்லாத இரவில் விளக்கில்லாத இடத்துக்குப் போகும்போது வைத்துக்கொள்ளலாம்.

திறந்த கொத்துக்கு இந்தத் தொல்லை இல்லை. அதன் ஒளி ஏற்கெனவே தனித்தனிப் புள்ளிகளாக இருக்கிறது, வானம் வெளுத்திருந்தாலும் புள்ளி தெரியும். தொடங்குகிறவர்கள் திறந்த கொத்துகளில் தொடங்குவதே உத்தமம்.

எவ்வளவு பெரிதாக்குவது

டெலஸ்கோப்பின் குவியத்தூரத்தை ஐபீஸின் குவியத்தூரத்தால் வகுத்தால் உருப்பெருக்கம். 1200 மில்லிமீட்டர் குவியத்தூரம் கொண்ட டெலஸ்கோப்பில் 25 மில்லிமீட்டர் ஐபீஸ் போட்டால் 48 மடங்கு. 10 மில்லிமீட்டர் போட்டால் 120 மடங்கு. சாதாரண ஐபீஸில் 48 மடங்கில் ஏறத்தாழ 1 பாகை அகல வானம் தெரியும். கார்த்திகை கிட்டத்தட்ட 2 பாகைக்குப் பரவியிருக்கிறது. டெலஸ்கோப்பைத் திருப்பினால் நாலைந்து நட்சத்திரம் தெரியும், கொத்து எங்கே என்று தேடுவோம். கொத்துக்குள்ளேயே நின்றுகொண்டு தேடுகிறோம் என்பதுதான் விஷயம். கார்த்திகை, பூசம், விருச்சிகத்தின் எம்7 ஆகிய மூன்றுக்கும் 7×50 அல்லது 10×50 பைனாகுலர்தான் சரியான கருவி. ஆயிரக்கணக்கில் செலவழித்த டெலஸ்கோப் அங்கே தோற்கும்.

உருண்டைக் கொத்துக்கு நேர்மாறு. உருப்பெருக்கத்தைக் கூட்டினால் பின்புல வானம் கறுக்கும், நட்சத்திரம் மட்டும் புள்ளியாகவே நிற்கும், அதனால் தனித்துத் தெரியும். எம்22ஐ எடுத்துக்கொள்வோம். பைனாகுலரில் அது குவியம் சரியாக வைக்காத நட்சத்திரம் போல ஊதித் தெரியும். 60 மில்லிமீட்டர் அகல லென்ஸ் கொண்ட டெலஸ்கோப்பில் 40 மடங்குக்கு உருண்டையான புகை. 150 மில்லிமீட்டரில் 100 மடங்கு வைத்தால் ஓரங்களில் மணல்மணலாக வரத் தொடங்கும். 200 மில்லிமீட்டரில் 150 மடங்கு, காற்றும் அசையாமல் இருந்தால், நடுப்பகுதி வரைக்கும் பொடி நட்சத்திரங்கள். நட்சத்திரங்கள் துடித்துத் துடித்து மின்னும் இரவில் இதை முயல வேண்டாம். காற்றின் கலக்கத்தில் புள்ளிகள் வீங்கி ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும், எவ்வளவு பெரிதாக்கினாலும் புகைதான்.

கேலக்ஸியைப் பெரிதாக்கினால் அதுவும் மங்கும், பின்புலமும் சேர்ந்தே மங்கும்; இரண்டுக்கும் உள்ள வேறுபாடு அதிகமாகாது. குறைந்த உருப்பெருக்கத்தில் கண்டுபிடித்து, 80 அல்லது 100 மடங்கு வரை போய் நிறுத்திக்கொள்ளலாம். ஒளியை வடிகட்டும் நெபுலா ஃபில்டர் வாங்கினால் கேலக்ஸி பளிச்சிடும் என்று கடைக்காரர் சொன்னால் நம்பாதீர்கள். அந்த ஃபில்டர் ஒளிரும் வாயு வெளியிடும் சில நிறங்களை மட்டும் விட்டு மற்றதைத் தடுக்கிறது. கொத்தும் கேலக்ஸியும் நட்சத்திர ஒளி. எல்லா நிறமும் கலந்தது. தடுத்தால் அவையும் சேர்ந்து மங்கும்.

கண்ணையும் பழக்க வேண்டும். இருட்டில் 20 முதல் 30 நிமிடம் இருந்தால்தான் கண் முழுதாகத் திறக்கும். ஒருமுறை மொபைல் திரையைப் பார்த்தால் மறுபடி முதலிலிருந்து. டார்ச்சில் சிவப்புக் கண்ணாடிக் காகிதம் இரண்டு மடிப்பு ஒட்டிக்கொள்ளுங்கள். மங்கலானதை நேராக முறைக்காமல் சற்றே பக்கத்தில் பார்வையை வையுங்கள். விழித்திரையின் நடுவில் மங்கிய ஒளியை உணரும் செல்கள் இல்லை, சுற்றிலும்தான் இருக்கின்றன. நேரே பார்த்தால் மறைவதும் ஓரக்கண்ணால் பார்த்தால் தோன்றுவதும் அதனால்தான்.

மார்கழி, தை இரவுகளில் இன்னொரு சங்கடம்: பதினோரு மணிக்கு மேல் எல்லாமே மங்கத் தொடங்கும். வானத்தைத் திட்டுவதற்கு முன் லென்ஸை ஓரமாகப் பாருங்கள், பனி படிந்திருக்கும். சட்டை நுனியால் துடைத்தால் பூச்சில் கீறல் விழும். கறுப்பு சார்ட் அட்டையை டெலஸ்கோப்பின் முனையில் குழாயாகச் சுற்றி, லென்ஸின் அகலத்தைப் போல ஒன்றரை மடங்கு நீளத்துக்கு நீட்டிவிட்டால் பனி படிவது வெகுவாகத் தள்ளிப்போகும்.

நமக்குத் தெரிந்த நட்சத்திரங்களிலிருந்து

பஞ்சாங்க நட்சத்திரங்கள் தெரிந்தவர்களுக்கு வழி கண்டுபிடிப்பது சுலபம். கேட்டை சிவப்பாக எரியும். அதற்கு மேற்கே, நீட்டிய கையின் சுண்டு விரல் அகலத்தைவிடச் சற்று அதிகமாக நகர்ந்தால் எம்4, நமக்கு மிக அருகிலுள்ள உருண்டைக் கொத்துகளில் ஒன்று. சுமார் 6,000 ஒளியாண்டு. மூலத்தின் கொடுக்கு முனையில் பைனாகுலரை வைத்து வடகிழக்கே மெல்ல நகர்த்தினால் எம்6, எம்7 இரண்டும் ஒரே வட்டத்துக்குள் வந்து நிற்கும். ஆடி, ஆவணி முன்னிரவுகளில் இவை தெற்கு வானில் நல்ல உயரத்தில் இருக்கும், மேகம் விட்டால். மழைக்குப் பயந்தவர்கள் பங்குனி, சித்திரையில் விடியற்காலை எழுந்து பார்க்கலாம்.

பூசத்துக்கு, புனர்பூசத்தையும் மகத்தையும் கோடு போட்டு நடுவே தேடுங்கள். எம்31க்குப் பூரட்டாதியும் உத்திரட்டாதியும் சேர்ந்து அமைக்கும் பெரிய சதுரம் வேண்டும். சதுரத்தின் வடகிழக்கு மூலையிலிருந்து இரண்டாவது நட்சத்திரம் மீராக். அங்கிருந்து செங்குத்தாக வடமேற்கே திரும்பி இரண்டு சின்ன நட்சத்திரங்களைத் தாண்டினால், இரண்டாவதற்குப் பக்கத்தில் நீள்வட்டமாக ஒரு வெளிச்சத் தீற்றல். மீராக்கிலிருந்து நீட்டிய முஷ்டியின் அகலத்துக்குள்தான் இத்தனையும். நல்ல இருட்டில் வெறும் கண்ணுக்கே தெரியும். படங்களில் வரும் சுருள் கைகளை எதிர்பார்க்காதீர்கள். ஐபீஸில் தெரிவது அதன் நடுப்பகுதி மட்டுமே. கைகள் கேமராவில் மணிக்கணக்கில் ஒளியைச் சேர்த்தால்தான் வரும்.

கன்னிக் கேலக்ஸிகள் சென்னை அட்சரேகையில் கிட்டத்தட்ட உச்சந்தலைக்கு மேலேயே போகும். காற்றின் அடர்த்தி குறைவான இடம், பார்வைக்கு அதைவிட நல்ல இடம் இல்லை. கருவிக்குத்தான் ஆகாது: இடவலம், மேல்கீழ் என்று திருப்பும் டாப்சோனியன் வகைத் தாங்கியை நேர் உச்சியில் வைத்து நகர்த்துவது பம்பரத்தின் தலையில் நிற்பது போல. உச்சிக்கு வருவதற்கு ஒரு மணி நேரம் முன்போ பின்போ பார்த்துவிடுங்கள்.

தப்பும் உண்டு

பட்டியலில் இருப்பதெல்லாம் கொத்தோ கேலக்ஸியோ நெபுலாவோ என்று நம்பித் தேடினால் எம்40ல் முட்டிக்கொள்வீர்கள். அது வெறும் இரண்டு நட்சத்திரம். எம்73 நான்கு நட்சத்திரம், அவ்வளவே. எம்24 பால்வீதியின் ஒரு பிரகாசமான துண்டு. எம்102 எது என்பதில் இன்றும் சண்டை: எம்101ஐயே இரண்டு முறை எழுதிவிட்டார்கள் என்பவர்களும் உண்டு, என்ஜிசி என்ற பிற்காலப் பெரிய பட்டியலில் 5866ஆவதாக வரும் கேலக்ஸிதான் என்பவர்களும் உண்டு.

எம்91 கதை இன்னும் சுவை. பக்கத்திலுள்ள தெரிந்த பொருளிலிருந்து எவ்வளவு தள்ளி என்று அளந்து எழுதுவது மெசியரின் முறை. அவர் சொன்ன இடத்தில் எதுவுமே இல்லாததால், ஏறக்குறைய இரண்டு நூற்றாண்டுகளுக்கு எம்91 ‘காணாமல்போன’ பொருளாகவே இருந்தது. 1969ல் டெக்சஸைச் சேர்ந்த ஓர் அமெச்சூர் வானியலாளர் கணக்கைத் திருப்பிப் போட்டார். மெசியர் எம்58லிருந்து அளந்ததாக எழுதியிருந்தாலும், உண்மையில் எம்89லிருந்து அளந்திருக்க வேண்டும் என்று வைத்துப் பார்த்தால், விலக்கம் நேராக என்ஜிசி 4548 என்ற கேலக்ஸியில் போய் விழுந்தது.

பட்டியலின் பெரிய குறை பாரிஸின் அடிவானம். எம்7தான் இதில் ஆகத் தெற்கே இருப்பது. மெசியருக்கு அது அதிகபட்சம் 6 பாகை உயரத்துக்குச் சற்று மேலே, கூரைகளுக்கும் புகைக்கும் நடுவே எட்டிப் பார்த்திருக்கும். சென்னையில் அதே கொத்து 42 பாகை ஏறுகிறது. அதற்கும் தெற்கே இருப்பவற்றை அவர் பார்க்கவே இல்லை. அதனால் வானத்தின் ஆகப் பிரகாசமான உருண்டைக் கொத்தான ஒமேகா சென்டாரிக்கு எம் எண் கிடையாது. பேட்ரிக் மூர் 1995ல் வெளியிட்ட கால்ட்வெல் பட்டியலில் அது 80ஆவது. வழி கேட்டால் ஒரே வரி: சித்திரை நட்சத்திரம் உச்ச உயரத்துக்கு வரும் நேரத்தில் அதிலிருந்து நேர் தெற்கே, நீட்டிய கையால் மூன்றரை முஷ்டி கீழே இறங்குங்கள். சென்னையில் அடிவானத்திலிருந்து 29 பாகை உயரம். யாழ்ப்பாணத்திலும் கன்னியாகுமரியிலும் இன்னும் சில பாகை அதிகம். மே மாத முன்னிரவில் தெற்கே விளக்கில்லாத இடமாக இருந்தால் பைனாகுலர் கூட வேண்டாம், ஊதிப்போன ஒரு நட்சத்திரம் போலத் தெரியும். பைனாகுலரைத் தூக்கினால் அது நட்சத்திரம் இல்லை என்பது உடனே தெரிந்துவிடும்.